விசிலுக்கு ஒரு மீன்

பெருநகர் என்ற கிராமத்தில் உத்திரமேரூர் பஸ்ஸுக்காக நிற்கிறேன். நிறுத்தத்தின் ஓரத்தில் பழனி அலுமினியக் குண்டானில் ஏரி மீன் விற்கிறார். ஒவ்வொன்றையும் செவுளைப் பிரித்துப் பார்த்த பிறகே தருகிறார். வளைகுடாவில் டால்பின் பழக்கும் இடத்தில் ஒன்பது வருடம் வேலை பார்த்தவராம்.

“அது குதிச்சி முடிச்சதும் விசில் ஊதுவோம். ஊதுனா மீனு குடுத்தே ஆவணும் சார். அத நம்பித்தான் அது குதிக்குது.”

“கொடுக்காமல் விட்டதே இல்லையா?”

குண்டானைப் பார்த்தபடி சொல்கிறார். “ஒரு டிவி ஷூட்டிங்ல விட்டுட்டேன். பக்கெட்டு காலி. இன்னொரு தபா, இன்னொரு தபான்னு கேட்டுக்கினே இருந்தாங்க. நானும் ஊதிக்கினே இருந்தேன், அதுவும் குதிச்சிக்கினே இருந்துச்சி. மறுநாளு பக்கெட்டு நெறைய எடுத்துக்கினு போனேன். என்னாண்ட வரல சார். நான் ஊரு திரும்புற வரிக்கும் வரல.”

பஸ் வருகிறது, ஏறி ஜன்னலோரம் உட்கார்கிறேன். கண்டக்டர் விசில் ஊதுகிறார். கீழே பழனியின் கை சட்டென்று குண்டானுக்குள் போய் ஒரு மீனை எடுத்துவிடுகிறது. பஸ் நகர்கிறது. அதை யாருக்குக் கொடுப்பது என்று தெரியாதவர்போல் பிடித்தபடியே உட்கார்ந்திருக்கிறார்.