ஏர் பூட்டாத வருஷம்

யுத்தம் நடந்த சமயம், ரோடு போடுவதற்காகக் கீழப்பழுவூர்ப் பக்கத்தில் இருந்த எங்கள் புன்செய்க் கொல்லையைச் சர்க்கார் எடுத்துக்கொள்வதாக நோட்டீஸ் வந்தது. அதில் தரிசு நிலம் என்று போட்டிருந்தார்கள்; தரிசுக்கு நஷ்டஈடு சொற்பம். வருஷம் தவறாமல் வரகு விளைந்த மண். என் கணவர் கொதித்துப்போய் வழக்குப் போட்டார்.

மழை பெய்ததும் விதை வரகை எடுத்தேன். அவர் தடுத்தார்.

"கோர்ட்டுல இருக்குற நெலத்துல கை வைக்கக் கூடாதுடி. கேஸ் கெட்டுப்போயிடும்."

வக்கீலை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை.

ஐப்பசியில் கோர்ட்டிலிருந்து ஒருவர் நிலத்தைப் பார்வையிட வந்தார். கொல்லை முழுக்க முழங்காலளவு கோரை.

"இதுலயா வரகு விளையுதுங்கிறீங்க?" என்றார்.

தரிசு என்றே தீர்ப்பானது. விதைக்க இடமில்லாத அந்த வரகைக் குத்திச் சோறாக்கினேன். அவர் இலையில் கை வைக்காமல் எழுந்துபோனார்.

இப்போது ஊரில் யார் கோர்ட்டுக்குப் புறப்பட்டாலும், "வெதச்சுட்டுப் போங்க" என்று வழிமறித்துச் சொல்கிறேன்.