கைடு சொன்னது வேறு, நான் சொன்னது வேறு

இந்த வாரம் நீங்கள் வாசிக்கப்போவது பத்தி அல்ல. திருத்தம்.

பத்திரிகையில் ஒரு மூலையில் போடுவார்களே, 'தவறுக்கு வருந்துகிறோம்' என்று... அந்த வகை. ஆனால் என்னுடைய தவறு ஒரு மூலைக்குள் அடங்காது. அதனால் முழு இடத்தையும் எடுத்துக்கொள்கிறேன். இதை வாசிக்க ஆரையம்பதியில் ஒருவர் காத்திருக்கிறார். யார், ஏன் என்பதைப் போகப் போகச் சொல்கிறேன்.

போன சனிக்கிழமை குடும்பத்தோடு ஒரு சுற்றுலா போனோம். 'இரண்டு ராசதானிகள், ஒரே நாள், ஏ.சி. பஸ், தமிழ் பேசும் கைடு, காலைப் புட்டு, மதியச் சோறு' என்று நோட்டீஸ் சொன்னது. பொலன்னறுவையும் அனுராதபுரமும். எல்லை தாண்டிய பயணம்தான். பாஸ்போர்ட்டைத் தேடாதீர்கள்... எங்கள் மாகாணம் முடிந்து அடுத்த மாகாணம் தொடங்கும் எல்லை அது. ஒரு பெயர்ப்பலகை, ஓர் இளநீர்க் கடை, அவ்வளவுதான்.

நோட்டீஸில் இல்லாத விஷயம் ஒன்றும் இருந்தது. பஸ்ஸை ஒழுங்கு செய்த சீனித்தம்பிக்கு இரண்டு தொழில். ஒன்று சுற்றுலா. மற்றது கலியாணம் பேசுவது. இரண்டையும் ஒரே டீசலில் முடித்துவிடுவார். பெண் வீட்டாரையும் மாப்பிள்ளை வீட்டாரையும் பக்கத்துப் பக்கத்து சீட்டில் போட்டுவிட்டு, தனக்கு ஒன்றுமே தெரியாத மாதிரி முன்னால் போய் உட்கார்ந்துகொள்வார். ஒரு நாள் முழுக்க ஒன்றாகப் பயணம் செய்தால் ஒரு குடும்பத்தின் லட்சணம் தெரிந்துவிடாதா?

இந்த முறை பெண் வீட்டார் — நாங்கள்.

மகளுக்கும் பொடியனுக்கும் பிடித்துப்போய்விட்டது. தாய்வழிக் குடி பார்த்தாயிற்று, சாதகம் பார்த்தாயிற்று. மீதம் இருந்தது பொடியனின் தாயார் தேவராணி அம்மாவின் சம்மதம், ஒரே ஒரு 'ஓம்'. ஓய்வுபெற்ற தாதி. வெளி மாவட்டத்தில் வேலை பார்த்தவர் என்பதற்கு மேல் சீனித்தம்பிக்கும் தெரியாது. "அந்த அம்மா மெத்தக் கதைக்காது ஐயா. பாக்கும். பாத்துட்டுத்தான் முடிவு சொல்லும்" என்று மட்டும் எச்சரித்து வைத்திருந்தார்.

அமிர்தகழியில் மாமாங்கேஸ்வரருக்குத் தேங்காய் உடைத்து, விடிய முன்னர் புறப்பட்டோம். தேவராணி அம்மா எங்களுக்கு இடப்பக்க சீட்டில். வாழைச்சேனை வரைக்கும் நான் கொட்டாவிகூட விடவில்லை. யார் கண்டது, கொட்டாவிக்கும் புள்ளி குறைப்பாரோ என்னவோ!

எல்லை தாண்டி முதல் சந்தியில் பஸ் நின்றது. முன் கதவு திறந்தது. காக்கித் தொப்பி போட்ட உயரமான ஒரு மனிதர், கழுத்தில் விசிலோடு, உள்ளே ஏறினார்.

அவ்வளவுதான். பஸ்ஸில் பாதிப் பேரின் கை தானாக மடிக்கும் சட்டைப் பைக்கும் போய்விட்டது. மண்டூர் கண்ணம்மா மாமி அடையாள அட்டையை எடுத்து உயர்த்தியே பிடித்துவிட்டார். எதிர்ப்பக்கம் சோமு வாத்தியார் — வரலாறு படிப்பித்து ஓய்ந்தவர் — எழுந்து இறங்கவே தயாராகிவிட்டார். என் கையில் என்ன இருந்தது என்று கேட்கிறீர்களா? என் அட்டை. மனைவியின் அட்டை. மகளின் அட்டை. மூன்றும்.

சீனித்தம்பி மைக்கைப் பிடித்துக் கத்தினார்.

"ஐயோ, அட்டைய உள்ள வையுங்க! இவர் கைடு!"

பஸ் குலுங்கச் சிரித்தோம். சண்டைக் காலம் முடிந்து எத்தனை வருடமாயிற்று... இப்போது யாரும் அட்டை கேட்பதில்லை, ஆனாலும் கை மறக்கவில்லை பாருங்கள்! வந்தவரும் சிரித்தார். கொஞ்சம் பிந்திச் சிரித்தார். பெயர் ஜினதாச.

அடுத்த அறிவிப்பில்தான் என் வாழ்க்கை தடம் மாறியது.

"தமிழ் கைடுக்குக் காய்ச்சலாம். இந்த மாத்தயாவுக்குச் சிங்களம் மட்டும்தான் வரும். ஆனா பயப்படாதீங்க, நம்மட பத்தி எழுதுற ஐயா பஸ்ஸிலதான் இருக்கார்! அவர்ர சிங்களத்தப் பத்தி அவரே எழுதி நாம எல்லாரும் வாசிச்சிருக்கம்தானே!"

உண்மைதான், எழுதியிருக்கிறேன். அம்பாறை அரசாங்கக் கந்தோர் ஒன்றில் இரண்டு வருடம் இருந்தவன் என்று இதே இடத்தில் எத்தனை தடவை பீற்றியிருக்கிறேன்! ஆனால் அங்கே கற்ற சிங்களம் மூன்று காரியத்துக்குத்தான் போதும். தேநீர் கேட்க. லீவு கேட்க. வந்தவரை 'நாளைக்கு வாங்க' என்று திருப்பி அனுப்ப. அரச உத்தியோகத்துக்கு அதற்கு மேல் எதற்கு?

நான் சீட்டுக்குள் புதைந்தேன். மனைவி விலாவில் இடித்தாள்.

"எழும்புங்க. அவ பாக்கிறா."

எழும்பினேன்.

சந்திக்கு அப்பால் ஒரு மர நிழலில் காலைப் புட்டு. ஜினதாசவுக்கும் மனைவி பார்த்துப் பார்த்துப் பரிமாறினாள். மனிதர் பாதியை அப்படியே வைத்துவிட்டார். "உப்புக் கூடிட்டோ?" என்று மனைவிக்கு முகம் சுருங்கியது. எனக்கு அதைவிடப் பெரிய கவலை இருந்தது. மைக் காத்திருந்தது.

பொலன்னறுவை. கல்லில் செதுக்கிய ஓர் உயர்ந்த உருவத்தின் முன்னால் ஜினதாச மூச்சுவிடாமல் பத்து நிமிடம் பேசினார். எனக்குப் பிடிபட்டது 'ராசா' மட்டும்.

"இவர் ஒரு ராசா" என்றேன்.

"அவ்வளவு நேரமும் இதத்தான் சொன்னாரா?" என்றார் வாத்தியார்.

"மிச்சம் அடைமொழி" என்றேன்.

கண்ணம்மா மாமி முன்னுக்கு வந்தார். "மறுகா தம்பி, இந்த ராசா என்ன குடி எண்டு ஒருக்காக் கேளுங்க."

நியாயமான கேள்வி. எங்கள் பக்கத்தில் தாய் வழியாக வரும் குடி தெரியாமல் ஓர் ஆளை அறிமுகம் செய்ததாகவே ஆகாது. கல்லாய் நிற்கிறவர் என்பதற்காக விட்டுவிட முடியுமா? என்னிடம் இருந்த சொற்களைக் கூட்டி, 'ராசா வீடு எது?' என்று கேட்டுவைத்தேன். ஜினதாச உற்சாகமாகி, கையை வடக்கிலும் தெற்கிலும் நீட்டி, இன்னொரு பத்து நிமிடம் பேசினார்.

"நல்ல குடியாம்" என்றேன்.

"அப்ப சரி" என்று மாமி கல்லைக் கும்பிட்டார்.

பின்னால் தேவராணி அம்மாவுக்கு இருமல் வந்தது. சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு விடாமல் இருமினார். மனைவி ஓடிப்போய்ப் பனங்கற்கண்டு கொடுத்தாள்.

பிறகு சிவன் கோயில். சோழர் கட்டிய கற்கோயில் அது. வாத்தியாருக்கு அங்கே ரத்தம் சூடேறிவிட்டது. "இது நம்மட ஆக்கள் கட்டின கோயில் எண்டு ஊருக்கே தெரியிற மாதிரி ஏன் பெரிசாப் போர்டு போடல்ல? கேளுங்க அந்தாள! இப்பக் கேளுங்க!"

கேட்டால் என்ன ஆகும்? பொழுதுக்கும் சண்டை. மகளின் கலியாணம் இந்தச் சோழர் கோயில் வாசலிலேயே நின்றுவிடும். நான் ஜினதாசவைப் பார்த்து, எனக்குத் தெரிந்த சிங்களத்தில், 'கோயில் நல்லது, நல்லது, இந்த ஐயாவுக்குச் சந்தோசம்' என்றேன். அவர் பூரித்துப்போய் வாத்தியாரைப் பார்த்து இரு கையாலும் கும்பிட்டார்.

வாத்தியார் எங்களைத் திரும்பிப் பார்த்தார். "பாத்தீங்களா? ஒத்துக்கொண்டுட்டார்!"

தேவராணி அம்மாவுக்கு மறுபடி இருமல். இந்த முறை தூணைப் பிடித்துக்கொண்டு இருமினார். "அந்த அம்மாவுக்கு நெஞ்சுச் சளி போல" என்று மனைவி என் காதில் கவலைப்பட்டாள். பொடியனுக்கும் அது வருமோ என்பது அவள் சொல்லாமல் விட்ட மீதி.

மதியச் சோற்றுக்குள் நான் துணிந்துவிட்டேன். கேட்பவருக்குத் தெரியாது, சொல்பவருக்கும் தெரியாது — நடுவில் நிற்பவன்தானே ராசா! அனுராதபுரம் போய்ச் சேர்ந்தபோது ஜினதாச வாயைத் திறக்க முன்னரே நான் மொழிபெயர்க்கத் தொடங்கியிருந்தேன்.

கடைசி இடம் ஒரு பழைய செங்கல் மேடு. தோற்று விழுந்த தமிழ் ராசாவுக்கு, வென்ற சிங்கள ராசா எழுப்பிய நினைவிடம் என்று சொல்லப்படுவது. அந்த வழியால் போகிறவர்கள் மேளத்தை நிறுத்திவிட்டுப் போக வேண்டும் என்று வென்றவர் கட்டளை போட்டாராம். இது பள்ளிக்கூடத்தில் படித்த கதை என்பதால் சரியாகவே சொன்னேன். நாள் முழுக்க நான் சொன்ன ஒரே சரி அதுதான்.

ஆனால் ஜினதாச அங்கே நிறுத்தவில்லை. தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, குரலைத் தாழ்த்தி இன்னும் ஏதோ பேசினார். ஒவ்வொரு முகமாகப் பார்த்துப் பேசினார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். எனக்குக் கிடைத்தது ஒரே சொல்... 'பஸ்'.

"இந்தச் செங்கல் எல்லாம் சூளையில நல்லாச் சுட்டதாம். அதான் இவ்வளவு உறுதியாம். பஸ்ஸுக்கு நேரமாகுது, கெதியா வரட்டாம்."

எல்லோரும் விறுவிறுவென்று பஸ்ஸுக்கு நடந்தோம். நான் திரும்பிப் பார்த்தபோது ஜினதாச அதே இடத்தில் நின்றார். தொப்பி கையிலேயே இருந்தது. இந்த முறை தேவராணி அம்மா இருமவில்லை. எங்களோடு வரவும் இல்லை. அவருக்குப் பக்கத்தில் நின்றுவிட்டுக் கடைசியாகத்தான் வந்து ஏறினார்.

பொழுது சாய்கிற நேரம், காலையில் ஏறிய அதே சந்தியில் ஜினதாச இறங்கினார். தேவராணி அம்மா எழுந்து கதவு வரைக்கும் போனார். போய், தடங்கல் இல்லாமல், மூச்சுவிடாமல், சிங்களத்தில் பேசினார்! என் சிங்களம் மாதிரி அல்ல. சிங்களச் சிங்களம். ஜினதாச கீழே நின்று அவரைக் கும்பிட்டார். மாமி வாயில் போட்ட வெற்றிலையை மெல்ல மறந்துவிட்டார்.

நான் மைக்கை மெல்ல சீட்டுக்கு அடியில் தள்ளிவிட்டேன்.

தேவராணி அம்மா வந்து உட்கார்ந்தார். முதல் தடவையாக என்னோடு பேசினார்.

"பொலன்னறுவை ஆஸ்பத்திரியில பன்னிரெண்டு வருசம் வேலை செஞ்சனான். பிரச்சினைக் காலத்துல இந்த ரோட்டாலதான் வீட்ட வந்து போன."

"அப்ப... காலையில இருந்து எல்லாம்..."

"எல்லாம் விளங்கின."

"அந்த இருமல்?"

"சிரிச்சாக் கூடாதுதானே ஐயா. சம்பந்தம் பேச வந்த இடம்."

மனைவி கொடுத்த பனங்கற்கண்டுப் பொட்டலத்தைப் பிரிக்காமலே திருப்பிக் கொடுத்தார். மகள் யன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். எனக்கோ பஸ்ஸை நிறுத்தி இறங்கி நடந்தே ஊர் போய்ச் சேரலாமா என்று இருந்தது. போச்சு, எல்லாம் போச்சு! பிள்ளையின் வாழ்க்கையை ஒரு மைக்கால் கெடுத்துவிட்டேனே!

ஆனால் அவர் தொடர்ந்தார்.

"ராசாட குடியும் வாத்தியார்ர போர்டும் நல்ல பிழை. சண்டை வர இருந்த இடத்துல நீங்க கும்பிடு வர வச்சீங்க. ரெண்டு குடும்பத்துக்கு நடுவுல அப்பிடி ஒராள் வேணும். ஆனா அந்தச் செங்கல்... அது கூடாத பிழை அண்ணன்."

சற்று முன்வரை வெறும் 'ஐயா'வாக இருந்தவன், திடீரென்று 'அண்ணன்' ஆகியிருந்தேன். எங்கள் ஊரில் மாப்பிள்ளையின் தாய் பெண்ணின் தகப்பனை அண்ணன் என்று முறை சொன்னால் என்ன அர்த்தம் என்று உங்களுக்குத் தெரியும். மனைவி என் கையைப் பிடித்தாள். ஆனாலும் அப்போது எனக்கு மகிழ்ச்சியைவிட வெட்கம்தான் வந்தது.

"அந்த மனிசன் என்ன சொன்னவர்?" என்று கேட்டேன்.

சொன்னார். சொல்லிவிட்டு ஒரு நிபந்தனையும் போட்டார். "நீங்க வாரா வாரம் எழுதுறீங்கதானே. பஸ்ஸில வந்த ஆக்கள் எல்லாரும் வாசிக்கிற மாதிரிப் பிழையத் திருத்தி எழுதுங்க. ஒண்டையும் ஒளிக்காம எழுதுங்க. வாசிச்சிட்டுத்தான் ஓம் சொல்லுவன்."

ஆகவே, அன்று பஸ்ஸில் வந்த அன்பர்களே, அந்த மேட்டில் ஜினதாச செங்கலைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. அவர் சொன்னது இது:

'நான் கைடு ஆக முன்னர் நீங்கள் வந்த வீதியில் சோதனைச் சாவடியில் நின்றவன். உங்கள் ஊர் பஸ் வந்தால் எல்லோரையும் இறக்கி வெயிலில் வரிசையாக நிறுத்துவேன். பைகளைக் கொட்டிப் பார்ப்பேன். கொட்டியதை ஒரு நாளும் திருப்பி அடுக்கித் தந்ததில்லை. இன்று நான் ஏறியதும் நீங்கள் எல்லோரும் அட்டையை எடுத்தீர்கள். பிறகு சிரித்தீர்கள். நானும் சிரித்தேன். ஆனால் நீங்கள் தந்த புட்டு எனக்கு இறங்கவில்லை. வென்றவர் மேளத்தை நிறுத்தச் சொன்ன இடம் இது. இங்கே வைத்துக் கேட்கிறேன். என்னை மன்னித்துக்கொள்ளுங்கள்.'

இதைக் கேட்டுவிட்டுத்தான் நாங்கள் எல்லோரும் முதுகைக் காட்டி நடந்தோம். செங்கல் உறுதி என்று பேசிக்கொண்டே நடந்தோம். அந்தப் பிழை என்னுடையது. உங்களுடையது அல்ல.

"அதுக்கு நீங்க அவருக்கு என்ன சொன்னீங்க?" என்று தேவராணி அம்மாவைக் கேட்டேன்.

"அடுத்த முறை புட்டு முழுக்கச் சாப்பிடணும் எண்டு சொன்னன்."

மனைவி அப்போதுதான் நிம்மதியாக மூச்சு விட்டாள். உப்புச் சரியாகத்தான் இருந்திருக்கிறது.

ஆரையம்பதியில் காத்திருக்கும் தேவராணி அம்மா... ஒன்றையும் ஒளிக்காமல் எழுதிவிட்டேன். போன் பக்கத்திலேயேதான் இருக்கிறது. மகள் இன்றைக்கு மட்டும் அதை மூன்று தடவை சார்ஜில் போட்டுவிட்டாள்.