மாமா பார்த்துவிட்டு வந்த ஆள்

என் மாமனார் பொய் சொல்லி நான் கேட்டதில்லை, என் புருஷன் காணாமல் போகும்வரை.

புதுப்பைசா வந்த வருஷத்து ஐப்பசி மழையில், திண்டுக்கல் மண்டிக்குத் தேங்காய் ஏற்ற ஆத்தூர் போனவர் திரும்பவில்லை. வெள்ளம் வடிந்த பிறகு ஆற்றங்கரையில் அவர் துண்டு மட்டும் கிடைத்தது. வருஷம் திரும்பியதும் பங்காளி வீட்டார் வந்து உட்கார்ந்தார்கள். செத்தவன் பெண்டாட்டி பூவும் பொட்டுமாகத் திரிந்தால் குடும்பத்துக்கு ஆகாதாம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு அடுப்படியில் நின்றேன்.

மாமா வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்தார்.

"யாரைச் செத்தவன்ங்கிறீக? போன வாரம் கீரனூர்ச் சந்தையில பாத்தேன். கிளி வச்சுச் சோசியம் பாக்குறான். தங்கப்பல்லு கட்டியிருக்கான். எனக்கும் ஒரு சீட்டு எடுக்க வச்சான்."

"பெறகு ஏன் வீட்டுக்கு வரலை?" என்றார் பெரிய பங்காளி.

"அவ கோவம் ஆறிருச்சான்னு கேட்டான். இல்லைன்னேன். அப்பக் கொஞ்ச நாள் போகட்டும், வாரேன்னான்."

நான் கோபக்காரி என்பது ஊருக்கே தெரியும். வந்தவர்களால் சிரிக்கவும் முடியவில்லை, பெரிய மனுஷனைப் பொய்யன் என்று சொல்லவும் வாய் வரவில்லை. எழுந்து போனார்கள்.

அதற்குப் பிறகு அவர்கள் வரும்போதெல்லாம் ஒரு கதை. வேடசந்தூர் மில் பஸ்ஸின் கூரைமேல் படுத்துத் தூங்கியதைப் பார்த்தாராம். பழனியில் யானைக்குக் கவளம் ஊட்டியதைப் பார்த்தாராம். ஒன்றைக்கூட நான் நம்பவில்லை. ஆனாலும் மறுநாள் காலையில் பூ வைத்துக்கொண்டேன். கதை தொடங்கினாலே அத்தை மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போய்விடுவார்.

ஒரு சித்திரையில் மாமா படுத்தவர் எழவில்லை. கொள்ளி வைக்க வேண்டியவன் ஒரே மகன்.

"உசுரோட இருக்கான்னு அவரே சொல்லிட்டாரு. மகன் இருக்கையில நாங்க எப்படிக் கொள்ளி வைக்கிறது? எங்க ஆள் அனுப்பணும்னு சொல்லு தாயி" என்று பெரிய பங்காளி என்னிடம் கேட்டார். அவர் குத்தலாகக் கேட்கவில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

"கீரனூருக்கு" என்றேன்.

ஒருவன் பஸ் ஏறிப் போனான். வெயில் ஏறியது, ஈ மொய்த்தது. கடைசி பஸ்ஸில் அவன் தனியாக இறங்கி வந்தான். நம்பாத நான், அவன் பின்னால் தங்கப்பல்லோடு யாராவது வருகிறார்களா என்று பார்த்தேன்.

அத்தை தன் கொழுந்தன் மகனைக் கூப்பிட்டார். "அவன் வரமாட்டான் அப்பு. நீயே சட்டியைத் தூக்கு."

கருமாதியன்று அத்தைக்குத் தாலி இறக்க மணை போட்டார்கள். என்னை யாரும் கூப்பிடவில்லை. நானே இன்னொரு மணையை இழுத்துப் போட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன்.