நான் அணைத்து வைத்த அலாரம்

“மண்ணுக்குள்ள நடக்குறது, ரூமுக்குள்ள குந்திகினு கீற உனக்கு எப்டிம்மா தெரியும்?”

மூன்று வருடங்களுக்கு முன், ஒரகடத்தில் நான் வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம் ஓர் அண்ணன் கேட்டது இது. சாலையோரம் புதைத்திருக்கும் கண்ணாடி இழை கேபிளை பைக்கில் சுற்றிக் காவல் பார்ப்பவர் அவர். அந்தக் கேபிளில் படும் அதிர்வைத் திரையில் பார்ப்பது என் வேலை. பக்கத்தில் யாராவது தோண்டினால் அலாரம் அடிக்கும். இடத்தைப் போனில் சொல்வேன், அவர் போய்த் தடுப்பார்.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போய், கையெழுத்துப் போடக் கற்ற முதல் ஆள் நான். அந்தக் கேள்வி சுட்டது. ஒரு நாள் பென்னலூர் அருகே கடப்பாரை இறங்கிய இடத்தைச் சொன்னேன். போய்ப் பார்த்தவர், “பத்தடி கூட தப்பல பாப்பா” என்றார். அதற்குப் பிறகு என் போனை நம்பித்தான் பைக்கைத் திருப்புவார். பெருமையில் எனக்குத் தலைகால் புரியவில்லை.

போன ஆடிக் கிருத்திகை. வல்லக்கோட்டை முருகனைப் பார்க்க நடந்து போகும் கூட்டத்தின் காலடியால் அன்று முழுக்க அலாரம் கத்தும். அதனால் அந்தப் பகுதிக்கு மட்டும் அணைத்து வைப்போம். அணைத்தவரே மறுநாள் காலை முதல் வேலையாகத் திரும்பப் போட வேண்டும். அந்த முறை அணைத்தது நான்; மறுநாள் திரும்பப் போட மறந்துவிட்டேன்.

பதினோரு மணிக்கு அங்கே குழாய் பதிக்க வந்த பொக்லைன் கேபிளை அறுத்துவிட்டது. அலாரம் வந்ததா என்று அதிகாரி கேட்டார். வரவில்லை என்றேன். ஏன் வரவில்லை என்று அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. ரோந்து சரியில்லை என்று அண்ணனை வேலையிலிருந்து நிறுத்தினார்கள்.

பைக் சாவியைக் கொடுக்க வந்தவர் என்னிடம் கேட்டார், “உன்னிய ஒண்ணும் சொல்லலியே பாப்பா? மிஷினே சொல்லலன்னா நீ இன்னா பண்ணுவ?”

நான் திரையைவிட்டுக் கண்ணெடுக்கவில்லை.

பிறகு பலமுறை அவரைப் பார்த்தேன். சுங்குவார்சத்திரம் பஸ் ஸ்டாப்பில், காலையில் கூலி வேலைக்கு ஆள் எடுக்க வரும் வண்டிக்காக நிற்பார். ஷிப்ட் பஸ்ஸில் இருக்கும் என்னைப் பார்த்துச் சிரிப்பார். நான் போனைக் குனிந்து பார்த்துக்கொள்வேன்.

போன வாரம் அதிகாரிக்கு எல்லாவற்றையும் எழுதி அனுப்பினேன். இன்னும் பதில் இல்லை. இன்று காலை அந்த ஸ்டாப்பிலேயே இறங்கி, அந்தக் கடிதத்தை அண்ணனுக்குப் படித்துக் காட்டினேன். முழுவதும் கேட்டார்.

“அப்போ உனக்குத் தெரிஞ்சிதான் இருந்துருக்குது” என்றார். இந்த முறை பாப்பா என்று சொல்லவில்லை. வண்டி வந்ததும் ஏறப் போனார்.

கடிதத்தின் நகலை அவர் சட்டைப் பையில் வைத்துவிட்டு வந்திருக்கிறேன். யாரிடம் வேண்டுமானாலும் அவர் அதைக் காட்டலாம், கீழே என் கையெழுத்து இருக்கிறது. இதற்கும் சேர்த்துத்தான் கையெழுத்துப் போடக் கற்றேன் என்பது எனக்கு இவ்வளவு தாமதமாகத்தான் புரிந்தது.