ஏச்சி என்றால் அக்கா

வடகேரளத்துப் பய்யனூரில் பீடி சுற்றும் சிருதேயியை ஊரே ‘ஏச்சி’ என்றுதான் கூப்பிடும். தெற்கத்திக்காரர்களின் ‘சேச்சி’தான் அங்கே ஏச்சி.

அந்தப் பேச்சைப் பழகவென்று வந்த சினிமாக்காரி ஒரு மாதம் அவள் கையால் கப்பக்கிழங்கும் மத்திக் குழம்பும் தின்றாள். "உங்க பேச்சுதான், ஏச்சி, படத்துக்கே உயிர்" என்றாள்.

படம் வந்ததும் சிருதேயி கூட்டாளிப் பெண்களை அழைத்துக்கொண்டு போனாள். திரையில் அந்த மகராசி அச்சடித்த மலையாளம் பேசினாள். சிருதேயியின் பேச்சு, கோழி திருடும் கிறுக்கனுக்குப் போயிருந்தது. அவன் "ஏச்சீ" என்று இழுத்தபோதெல்லாம் கொட்டகை குலுங்கியது. பக்கத்தில் இருந்த ஜானுவும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"உண்ட வீட்டுக்கே ரெண்டகம் பண்ணிட்டா அவ. நீ எதுக்குடி சிரிக்கிற? அது நம்ம பேச்சுடி!"

ஜானு சட்டென்று வாயைப் பொத்தினாள்.

"தெரியாம சிரிச்சிட்டேன், சேச்சி."