தலையாட்டிய தாத்தா

சேக்காட்டில் எங்கள் தெருவுக்கு இலங்கையிலிருந்து ஒரு குடும்பம் தப்பி வந்து குடியேறிய வருஷம் அது. அவர்களுக்கு இதுவும் சொந்த ஊர் போலத் தோன்ற வேண்டும் என்று, வீடுவீடாகப் பாடிப்போகும் சர்ச் கேரல் ரவுண்டில் முதல் வீடாக அங்கேதான் போனோம். நான்தான் கிறிஸ்துமஸ் தாத்தா. கண்ணுக்கு இரண்டு ஓட்டை மட்டும் வைத்த முகமூடி.

கதவைத் திறந்து என்னைப் பார்த்ததும் அந்தக் குடும்பத்தினர் நால்வரும் சுவரோரம் வரிசையாக நின்றார்கள். பிறகு ஒவ்வொருவராக என் முன்னால் வந்து முகத்தைக் காட்டினார்கள். எங்கள் குழுவில் டிரம் அடித்தவன் கையை நிறுத்தி, "இன்னாபா இது?" என்றான். ஆசீர்வாதம் கேட்கிறார்கள் என்று நினைத்தேன், மடையன். கடைசியாக வந்த மூத்த மகனைப் பார்த்துப் பெரிதாகத் தலையாட்டினேன்.

அவன் அம்மா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

"அங்க ஆமிக்காரர் எங்களை இப்பிடித்தான் வரிசையில விடுவாங்கள்," என்றார் அப்பா மெதுவாக. "காட்டிக்குடுக்க முகமூடி போட்டு நிக்கிறவன் ஆரைப் பார்த்துத் தலையாட்டுறானோ, அவனைக் கொண்டுபோயிடுவாங்கள்."

பதறிப்போய் முகமூடியைக் கழற்றி, எதிர்வீட்டுக்காரன்தான் என்று காட்டினேன். அதற்குள் மகன் சட்டையை மாட்டி, செருப்பைப் போட்டுக்கொண்டு, என்னோடு வர வாசலில் நின்றிருந்தான்.