சார்ஜன் அடித்த கோல்

மூடிக்கிடக்கிற எந்தப் பெட்டியைக் கண்டாலும் நாலு ஆணியைக் கழற்றி உள்ளே எட்டிப் பார்க்காவிட்டால் தவராசாவுக்குச் சோறு இறங்காது. அவன் ரீவி திருத்துகிறவன் ஆனதும் அதனால்தான். படிப்பு ஏறவில்லை, கமம் செய்யக் காணி இல்லை என்று அவன் சொல்லுகிற காரணங்களை யாரும் நம்பவேண்டாம். ஏழு வயதில் தகப்பனின் ரேடியோவைப் பிரித்துப் போட்டு முதுகில் வாங்கினவன், முப்பத்தாறு வயதிலும் அதே கையோடுதான் திரிந்தான்.

வவுனியாவில் ஒரு குறுகலான ஒழுங்கைக்குள் அவனுடைய கடை. முன்பக்கம் கடை, பின்பக்கம் வீடு, நடுவில் ஒரு பிளைவூட் தடுப்பு. 2007ஆம் ஆண்டில் சண்டையால் வடக்கே போகிற பாதை பூட்டிக் கிடந்தது. சாமான் விலை ஏறியிருந்தது. பழுதான ரீவியைக் கொண்டுவந்து போட்ட சனம் அதைத் திரும்ப எடுக்க வருவதேயில்லை. கடையில் வைத்து மணித்தியாலக் கணக்கில் விளையாட விட்ட இரண்டு பிளேஸ்டேஷன் பெட்டிகள்தான் அந்த வீட்டு அடுப்பை எரித்தன.

பிளைவூட்டுக்குப் பின்னால் நாற்பது நாளாக ஒருத்தி ஒளிந்திருந்தாள். தேனுகா, தவராசாவின் மனைவி அருந்ததியின் தங்கை, பத்தொன்பது வயது. பூட்டின பாதைக்கு அந்தப் பக்கம், ஸ்கந்தபுரத்தில், இயக்கம் வீட்டுக்கு ஒரு பிள்ளை கேட்டு வந்தபோது தகப்பன் அவளைக் காட்டுப் பாதையால் அனுப்பிவிட்டார். அங்கே நின்றால் துவக்குத் தூக்கவேண்டும். இங்கே வந்தால் பொலிஸ் பதிவு இல்லை, தங்குவதற்குப் பாஸ் இல்லை. அந்தப் பக்கத்திலிருந்து வந்த இளம்பிள்ளைகளை விசாரணைக்கு என்று கூட்டிக்கொண்டு போனால், எப்போது திருப்பி விடுவார்கள் என்று யாருக்கும் தெரியாது. முதல் நாளே பதிந்திருக்கலாம் என்று இப்போது சொல்லலாம். முதல் நாள் பயம், இரண்டாம் நாள் இன்னும் கொஞ்சம் பயம், பத்தாம் நாள் "இவ்வளவு நாளும் எங்கே இருந்தாய்" என்ற கேள்விக்குப் பயம். இப்படியே நாற்பது நாள் போய்விட்டது.

அவள் வந்த நாள் முதல் வீட்டுக்குள் ரேடியோ இல்லை, பாட்டு இல்லை. கம்பியூட்டர் ஸ்பீக்கரின் வயரைக்கூட அருந்ததி கழற்றி வைத்துவிட்டாள். படலை திறக்கிற சத்தம் காதில் விழவேண்டும் என்பது அவளுடைய கட்டளை.

கடைக்கு வருகிறவர்களில் ஒருவர்தான் மஹ்றூப் சார்ஜன். அக்கரைப்பற்று ஆள், சந்திக் காவலரணில் பொலிஸ் வேலை. டியூட்டி முடிந்தால் சாரமும் பெனியனுமாக வந்து கதிரையில் குந்தி உதைபந்தாட்டம் விளையாடுவார். அவர் உள்ளே வந்தால் மற்றவர்கள் ஒவ்வொருவராகக் கழன்றுவிடுவார்கள். தவராசாவால் கழல முடியாது; கடை அவனுடையது. வரவேண்டாம் என்று சொன்னால் ஏன் என்று கேட்பார். தடுப்புக்கு இந்தப் பக்கம் பொலிஸ்காரர் இருக்கிறார் என்று அந்தப் பக்கத்துப் பெண்களுக்குச் சொன்னால் பயத்திலேயே செத்துவிடுவார்கள். ஆகவே தவராசா இரண்டு பக்கமும் வாயைப் பொத்திக்கொண்டு இருந்தான்.

அப்படியே இருந்திருக்கலாம். அந்தச் சனிக்கிழமை மஹ்றூப் அரையிறுதி ஆட்டத்தில் வென்றுவிட்டுத் திரும்பினார்.

"தம்பி, நாளைக்கு பைனல். இதப் பதிஞ்சி சீடியில தர ஏலுமா? போன லீவுல என்ட மகன் ஏழு கோல் அடிச்சி என்ன நாசமாக்கிட்டான். நான் கப் எடுத்தன் எண்டா அவன் நம்பமாட்டான். ஆதாரம் வேணும்."

இல்லை சேர், அதெல்லாம் இங்கே செய்ய ஏலாது என்று ஒரு சொல் சொன்னால் முடிந்தது. ஆனால் போன மாதம் லொறிக்காரனிடம் சொல்லிக் கொழும்பிலிருந்து எடுப்பித்த, படத்தைக் கம்பியூட்டருக்குள் பதிகிற காப்சர் கார்ட் ஒன்று அலுமாரிக்குள் பெட்டி உடைக்காமல் கிடந்தது. கலியாண வீடியோக்களை சீடியாக்க என்று வாங்கியது. கலியாணம்தான் ஒன்றும் நடக்கவில்லை. தவராசாவின் கை துடித்தது. "செய்யலாம் சேர்" என்றான். வேலியால் போன ஓணானைப் பிடித்து மடிக்குள் விடுவது என்பது இதுதான்.

கடைத் தூசிக்குப் பயந்து கம்பியூட்டரை அவன் வீட்டுக்குள், தடுப்போடு ஒட்டி வைத்திருந்தான். பக்கப் பலகையைக் கழற்றி, உள்ளே வெறுமையாக இருந்த பள்ளத்தில் கார்ட்டை அழுத்தி இருத்தினான். கூட வந்த சீடியைப் போட்டால், அப்படி ஒரு கார்ட்டையே காணவில்லை என்று கம்பியூட்டர் சாதித்தது. கழற்றி, பித்தளைப் பல்லை அழிறப்பரால் தேய்த்து, திரும்பப் போட்டான். இம்முறை ஏற்றுக்கொண்டது. பிளேஸ்டேஷனிலிருந்து வருகிற மஞ்சள் வயரை நேரே கம்பியூட்டருக்குக் கொடுத்தால், பந்தை உதைத்து அரைச் செக்கன் கழித்துத்தான் திரையில் கால் அசைகிறது. அப்படி விளையாடினால் சார்ஜன் பைனலைக் கனவில்தான் வெல்லவேண்டும். ஆகவே வயரை இரண்டாகப் பிரித்து, ஒரு கிளையைக் கடை ரீவிக்கும் மற்றதைப் பிளைவூட்டில் துளை போட்டுக் கம்பியூட்டருக்கும் விட்டான்.

படம் வந்தது. கறுப்பு வெள்ளையில், மேலிருந்து கீழே உருண்டுகொண்டே வந்தது. ஒரு மணித்தியாலம் மண்டையைப் பிய்த்த பிறகுதான் விளங்கிற்று, அந்தப் பிளேஸ்டேஷன் ஜப்பானிலிருந்து வந்த பழைய பெட்டி. அதன் படக்கணக்கு வேறு, எங்கள் ஊர் ரீவியின் கணக்கு வேறு. கடை ரீவி இரண்டையும் விழுங்கும். கார்ட்டுக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டும். சொல்லிக்கொடுத்தான். பச்சைப் புல்தரை அப்படியே வந்து திரையில் நின்றது. தவராசாவுக்கு வந்த சந்தோஷத்தில் பெண்சாதியைக் கூப்பிட்டுக் காட்டினான்.

சத்தத்துக்கு, சிவப்பு வெள்ளை வயர்கள் இரண்டையும் ஒரு பின்னாக்கி நீலத் துளையில் செருகினான். செருகினால் போதாது, சத்தத்தை எந்தத் துளையிலிருந்து எடுப்பது என்று கம்பியூட்டரிலும் மாற்றவேண்டும். அதை அவன் மாற்றவில்லை. சுவிஸிலிருக்கும் தமையனோடு கதைப்பதற்காக அருந்ததி வாங்கிய மைக் ரோஸ் துளையில் எப்போதும்போலச் செருகியபடி, மேசையில் கிடந்தது. ஸ்பீக்கர் இல்லாத கம்பியூட்டரில் எந்தச் சத்தம் பதிகிறது என்று யாருக்குத் தெரியும்?

ஞாயிறு காலை பத்து மணிக்குப் பைனல் நடந்தது. மஹ்றூப் இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் வென்றார். கடை ரீவியில் சனக்கூட்டம் ஆரவாரித்தது. மத்தியானத்துக்குள் தவராசா சீடி அடித்துக் கொடுத்துவிட்டான். சார்ஜன் அதைப் பிறந்த பிள்ளையைத் தூக்குகிற மாதிரித் தூக்கிக்கொண்டு போனார்.

இரண்டு மணிக்கு, இதை மற்றவர்களுக்கும் ஒரு தொழிலாகச் செய்யலாமோ என்ற யோசனையில், தவராசா ஹெட்போனை மாட்டிக்கொண்டு பதிவைப் போட்டான். கூட்டத்தின் ஆரவாரம் இல்லை. தையல் மெஷின் ஓடியது. காகம் கத்தியது. அவனுக்கு முதலில் சிரிப்பு வந்தது. முன்னுக்குத் தள்ளித் தள்ளிக் கேட்டான். எட்டு நிமிடம் ஐம்பது செக்கனில் மெஷின் நின்றது. அருந்ததியின் குரல், காதுக்குள் வாயை வைத்தது போல, கேட்டது.

"தேனுகா, அந்தக் கதிரையை விட்டு எழும்படி. முன்னுக்கு ஆக்கள் இருக்கினம். வந்து நாற்பது நாள், பதிவுமில்லை, பாஸுமில்லை. ஸ்கந்தபுரத்தில இருந்து காட்டுக்குள்ளால வந்தனீ எண்டு தெரிஞ்சால் உன்னையும் கொண்டு போவாங்கள், அத்தானையும் கொண்டு போவாங்கள்."

அதற்கு மேல் அவன் கேட்கவில்லை. ஹெட்போன் எங்கே விழுந்தது என்றும் தெரியாது. பேயறைந்தவன் மாதிரிச் சைக்கிளை எடுத்தான்.

"எங்கையப்பா இந்த வெயிலுக்க?" என்று அருந்ததி கேட்டதற்குப் பதில் சொல்லாமல் மிதித்தான். சத்தம் பதியவில்லை சேர், திருத்தித் தாறன். சத்தம் பதியவில்லை சேர், திருத்தித் தாறன். வழி முழுக்க இதையே வாய்க்குள் சொல்லிக்கொண்டு போனான்.

காவலரணுக்குப் பின்னால் இருந்த ஓய்வறையின் கதவு திறந்து கிடந்தது. உள்ளே ரீவியில் பச்சைப் புல்தரை. மஹ்றூப் கதிரையில் இருந்தார். பக்கத்தில் இரண்டு பொலிஸ்காரர். ஒருவருக்குத் தமிழ் தெரியாது. மற்றவருக்கு நன்றாகத் தெரியும். ஒழுங்கை முழுக்க அடையாள அட்டை கேட்கிறவர் அவர்தான். சீடிப் பெட்டியின் பச்சை எழுத்து ஆறு நிமிடம் பத்துச் செக்கன் என்று காட்டியது.

"வாங்க தம்பி, இரிங்க" என்றார் மஹ்றூப். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

"சேர், சத்தம் பதியேல்லை. குடுங்கோ, திருத்தித் தாறன்."

"அவசரமில்ல. இவங்க பாத்தே ஆகணும் எண்டு நிக்கிறாங்க, பாக்கட்டும்."

தமிழ் தெரிந்தவர் சிரித்தார். "என்ன தம்பி, மேட்சுக்குள்ள ஆரோ சட்டை தைக்கிறாங்க?"

தவராசாவும் சிரித்தான். சிரிப்பு வரவில்லை, பல்லைக் காட்டினான். ஏழு நிமிடம். கதவு நிலையைப் பிடித்துக்கொண்டான். ஓடிப்போய் வயரைப் பிடுங்கலாம். பிடுங்கினால் ஏன் என்று கேட்பார்கள். மயங்கி விழலாம், அவன் தரையில் கிடக்க ரீவி தன் பாட்டில் கதைக்கும். ஏழு நாற்பது. அவன் கும்பிடாத தெய்வமில்லை, வற்றாப்பளை அம்மனுக்கு எத்தனை பொங்கல் நேர்ந்தான் என்று அவனுக்கே கணக்கில்லை. எட்டு நிமிடம் முப்பது. மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. எட்டு நாற்பது.

மஹ்றூப் மடியிலிருந்த ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை நிறுத்தினார்.

"பந்தப் பாக்கிறதுக்கு இந்தத் தையல் சத்தம் என்னத்துக்கு? தலை இடிக்கிது" என்றார். ஜன்னலில் இருந்த ரேடியோவைத் திருகினார். ஏதோ ஒரு பாட்டு உரத்துக் கேட்டது.

பச்சை எழுத்து ஒன்பதைத் தாண்டிப் போயிற்று. தவராசாவுக்குப் பயம் போகவில்லை, இன்னொரு பயம் வந்து அதன் மேல் குந்தியது. இந்த மனிதர் ஏற்கனவே முழுவதையும் கேட்டுவிட்டார்.

ஆட்டம் முடிந்ததும் மஹ்றூப் சீடியை எடுத்துக்கொண்டு வாசல் வரை வந்தார். அதை இரண்டாக முறித்து அவன் கையில் வைத்தார்.

"நாளைக்குக் காலம எட்டரைக்கு அந்தப் புள்ளயக் கூட்டிக்கிட்டு ஸ்டேஷனுக்கு வாங்க. நாளைக்கு மட்டும்தான் பதிவுப் புத்தகம் என்ட கையில. செவ்வாய்க்கிழமை வேற ஆள்."

"சேர்..."

"போங்க தம்பி."

வீட்டில் அன்று உலை வைக்கவில்லை. யார் அந்த விளையாட்டுக்காரர் என்று தவராசா அப்போதுதான் சொன்னான். அருந்ததி அவனைப் பேசாத பேச்சில்லை. "உங்கட கையை முறிச்சு அடுப்புக்க வைக்கவேணும்" என்றாள். அது நியாயமான பேச்சு என்று அவனுக்கே பட்டது.

"பொறி எண்டால்? எங்கட கையாலயே கொண்டுபோய்க் குடுத்தமாதிரி எல்லோ முடியும்?" என்று கேட்டாள் அருந்ததி.

"பிடிக்கிறதெண்டால் இண்டைக்கே வந்து பிடிச்சிருப்பார் அக்கா" என்றாள் தேனுகா. "தெரிஞ்சாப் பிறகு ஒளிச்சு என்ன? நான் போறன். அத்தான் வராட்டியும் போறன்."

விடியக் காலையில் முதல் ஆளாகத் தலை வாரி இழுத்து வெளிக்கிட்டு நின்றது அவள்தான். நாற்பத்தொரு நாளைக்குப் பிறகு வெயிலுக்கு வந்ததில் கண் கூசி, தெரு முழுக்க நெற்றியில் கையை வைத்துக்கொண்டே நடந்தாள். தவராசா சைக்கிளைத் தள்ளிக்கொண்டு பக்கத்தில் போனான்.

ஸ்டேஷனில் வரிசை இருந்தது. மேசையில் மஹ்றூப், காக்கி உடுப்பில். அந்த உடுப்பில் அவர் வேறு ஆள் மாதிரித் தெரிந்தார். பக்கத்து மேசையில் இன்னொரு அதிகாரி எதையோ எழுதிக்கொண்டிருந்தார்.

"பேர்?"

"தேனுகா."

"எந்த ஊர்?"

அவள் வாயைத் திறக்க முன்னர், "மடுப் பக்கம், சரி. இடம்பெயர்ந்து நேத்து வந்த, சரி. அக்கா வீட்டில தங்கிற, சரி" என்று அவரே உரத்துச் சொல்லிச் சொல்லி எழுதினார். ஸ்கந்தபுரமும் நாற்பது நாளும் புத்தகத்தில் ஏறவில்லை. பக்கத்து மேசைக்காரர் நிமிரவில்லை. கையெழுத்து வாங்கினார். ஒரு துண்டைக் கிழித்து எடுத்தார். முத்திரைக் கட்டையைக் கையில் எடுத்தவர், குத்தாமல் அவளைப் பார்த்துக் குரலைத் தாழ்த்தினார்.

"பதினோராவது நிமிஷம், என்ட ரெண்டாவது கோல். 'போடு, போடு' எண்டு சொல்லிக் கையடிச்சது நீங்களா புள்ள?"

தவராசா திடுக்கிட்டான். அப்படி ஒன்று அந்தப் பதிவில் இருந்தது அவனுக்குத் தெரியாது. தடுப்புக்குப் பின்னால் கம்பியூட்டர் திரையில் ஆட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவள், தமக்கை அவ்வளவு ஏசிய பிறகும் தன்னை மறந்திருக்கிறாள்.

"ஓம் சேர்" என்றாள் தேனுகா.

"இந்த ஊருக்கு வந்து ரெண்டு வருஷம். நான் செஞ்ச ஒண்டுக்கு ஒராள் சந்தோஷப்பட்டுக் கையடிச்சது அண்டைக்குத்தான்."

தலையாட்டிவிட்டு வாயை மூடிக்கொண்டு வந்திருக்கலாம். ஆனால் அந்தப் பிள்ளைக்குப் பொய் வராது.

"விளையாடினது நீங்கள் எண்டு எனக்குத் தெரியாது சேர்."

"தெரிஞ்சிருந்தா?"

தவராசா அவளுடைய காலை மெல்ல மிதித்தான். அவள் காலை இழுத்துக்கொண்டாள்.

"தெரிஞ்சிருந்தால் அடிச்சிருக்க மாட்டன்."

மஹ்றூப் முத்திரையை ஓங்கிக் குத்தினார். துண்டை அவள் பக்கம் தள்ளினார்.

"அது எனக்கும் தெரியும்" என்றார். பிறகு வரிசையைப் பார்த்து, "அடுத்த ஆள் வாங்க" என்றார்.